ஓடத் தெரியாத முயல்

முட்டிக்கு எண்ணெய் தேய்த்துக்கொண்டே செல்போனில் பேரப்பிள்ளைகளின் படம் பார்க்கிற வயசுக்காரர்களே, உங்களுக்குத்தான் இதைச் சொல்கிறேன். சின்னப் பிள்ளைகளிடம் சொன்னால் "முயலையா அடிச்சீங்க?" என்று கொலைகாரியைப் பார்ப்பதுபோலப் பார்க்கிறார்கள். போன வாரம் என் பேத்தி அப்படித்தான் பார்த்தாள். கையில் கோழிக்கால் இருந்தது, அதைக் கீழே வைக்காமலே பார்த்தாள். அந்தக் கோபத்தில்தான் உங்களிடம் வந்திருக்கிறேன். நடுவில் குறுக்கே பேசாமல் கேளுங்கள்.

எங்கள் ஊர், சங்கராபுரத்திலிருந்து மலைப்பக்கம் போகிற ரோட்டில் இருந்தது. மேற்கே பார்த்தால் கல்வராயன் மலை. காணும் பொங்கலன்று எங்கள் ஊர்ப் பெருமாள் மரக்குதிரையில் ஏறி ஏரிக்கரைக்கு வேட்டைக்குப் போவார். பாரிவேட்டை என்பார்கள். சாமி வேட்டைக்குப் போனால் வேட்டையாட ஏதாவது இருக்க வேண்டுமல்லவா? அதற்கு ஒரு முறை உண்டு. வருஷத்துக்கு ஒரு வீட்டுக்காரர் மலையடிவாரத்தில் வலைகட்டி, ஒரு காட்டு முயலை உயிரோடு பிடித்துக் கூடையில் கொண்டுவர வேண்டும். பூசாரி அதன் மேல் மஞ்சள் தண்ணீர் தெளிப்பார். கூடையைத் திறந்ததும் முயல் ஓடும். ஈட்டி, தடி, நாய் என்று ஊரே பின்னால் ஓடும். முயல் கரையைத் தாண்டிவிட்டால் அதற்கு உயிர், தாண்டுவதற்குள் அடித்தவனுக்குக் கோயில் துண்டு தலையில் கட்டுவார்கள், கறியும் அவன் வீட்டுக்கு. முறைக்காரன் முயல் கொண்டுவராவிட்டால் அந்த வீட்டு முறை அத்தோடு போயிற்று, பக்கத்து வீட்டுக்குப் போய்விடும், திரும்பி வராது.

அந்த வருஷம் முறை எங்கள் வீட்டுக்கு.

என் அப்பாவைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். கரும்பு வெட்டுவார், நெல் அறுப்பார், ஆனால் வீட்டில் கோழி அடிக்கிற அன்றைக்கு மட்டும் அவருக்கு வாய்க்கால் பார்க்கிற வேலை வந்துவிடும். குழம்பு கொதிக்கிற வாசனை வந்த பிறகுதான் திரும்பி வருவார். தேளைக்கூட முறத்தில் வாரி வேலிக்கு அந்தப் பக்கம் விடுகிற மனுஷர். அவரை முயல் பிடித்து வா என்றால்?

எதிர்வீட்டு மாமா அதற்கு நேர்மாறு. அம்மாவுக்குத் தூரத்து அண்ணன் முறை. முறுக்கிய மீசை, எண்ணெய் போட்டுத் துடைத்த ஈட்டி, செவலை நாய் ஒன்று. பாரிவேட்டையில் துண்டு அவர் தலைக்குத்தான் என்று துண்டுக்கே தெரியும். முயல் முறையில் அடுத்த வீடும் அவருடையதுதான். அப்பா வலையோடு கிளம்பும்போதெல்லாம் வாசலில் நின்று பல் குச்சியைக் கடித்துக்கொண்டே கேட்பார்.

"இன்னா மாப்ள, மலைக்கா? வலையை எந்தப் பக்கமா புடிக்கணும்னு தெரியுமா?"

"தெரியும் மச்சான்."

"தெரியாட்டி கேளு. ஒரு முயலு நான் புடிச்சித் தரேன். அப்பறம் ஆயுசு பூரா அதைச் சொல்லிக் காட்டிக்கினு இருப்பேன், அவ்ளோதான்."

அப்பா கேட்பாரா? ரோஷம். முதல் நாள் ஒரு பை இலந்தைப்பழத்தோடு வந்தார். அடுத்த நாள் வலையில் ஏதோ மாட்டியது என்று ஓடிப் பார்த்தால், துணைக்குப் போன என் சித்தப்பா மாட்டியிருந்தார். மூக்கில் சிராய்ப்போடு அவர் வீடு வந்து சேர்ந்ததைப் பார்த்து மாமா வாசலில் உட்கார்ந்து கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார்.

சித்தப்பா அந்தச் சமயத்தில் பரீட்சையில் கோட்டைவிட்டுவிட்டு வீட்டில் சும்மா இருந்தார். பழைய பேப்பர் கடையில் எடுத்த ஒரு வேட்டைக் கதைப் புத்தகம் அவரிடம் இருந்தது. முன்பக்கம் அட்டை இல்லை, பின்பக்கம் முடிவு இல்லை. சாயங்காலம் களத்துமேட்டில் எங்களை உட்காரவைத்து அதைப் படிப்பார். ஒரு துரை, அவனுக்கு ஒரு கூட்டாளி. ஊர் மாடுகளைத் தின்ற சிறுத்தையைக் காடு மேடெல்லாம் துரத்திக்கொண்டு போகிறார்கள். பாம்பு, வெள்ளம், காய்ச்சல் எல்லாம் உண்டு. கடைசியில் சிறுத்தை ஒரு பாழுங்கிணற்றில் விழுந்துவிடுகிறது. சுடு என்கிறான் கூட்டாளி. துரை துப்பாக்கியைத் தாழ்த்திவிட்டு, "கிணற்றில் கிடப்பதைச் சுடுவதற்கு வேட்டைக்காரன் எதற்கு, கசாப்புக் கடைக்காரன் போதும்" என்கிறான். விட்டால் நாளைக்கு ஒரு குழந்தையைத் தூக்கும் என்கிறான் கூட்டாளி. இரண்டு பேரும் சட்டையைப் பிடித்துக்கொள்கிறார்கள். அங்கே கிழிந்திருந்தது.

அய்யோ, அந்தக் கிழிசல் எங்களைப் படுத்திய பாடு! சுட்டானா, விட்டானா என்று களத்துமேடு இரண்டு கட்சியாகிவிட்டது. சித்தப்பாவுக்கு வேர்க்கடலை கொடுத்தால் சுட்டான், கரும்புத்துண்டு கொடுத்தால் கயிறு விட்டு மேலே தூக்கினான். ஒருநாள் அந்த வழியாகப் போன மாமா நின்று கேட்டார்.

"சுட்டுத் தள்ளாம இன்னாடா கதை பேசிக்கினு கீறான் அந்தத் துரை? நின்னா இன்னா, ஓடுனா இன்னா, கறி கறிதான?"

"அது தர்மம் மச்சான்," என்றார் சித்தப்பா.

"தர்மமாம்! வலையில மாட்டிக்கினு குந்தியிருந்தியே, அப்ப உன்ன வுட்டுட்டு வந்திருக்கணும். அதாண்டா தர்மம்."

நான் அப்போது மாமா கட்சி. மாடு தின்கிற சிறுத்தைக்கு என்ன நியாயம் வேண்டிக்கிடக்கிறது என்று காலை உதைத்துக்கொண்டு சண்டை போட்டேன். அந்த வயசில் நியாயம் பேசுவது சுலபம், கிணற்றுக்குள் நமக்குத் தெரிந்தவர் யாரும் இல்லையே.

பொங்கல் நெருங்கியது. முயல் கிடைக்கவில்லை. அப்பா மஞ்சள்கொத்தும் புதுப்பானையும் வாங்கக் கள்ளக்குறிச்சிக்குக் கிளம்பினார், என்னையும் கூட்டிக்கொண்டு போனார். கடைத்தெருவில் ஓரிடத்தில் புறா, கோழிக்குஞ்சு எல்லாம் கூண்டில் வைத்து விற்றுக்கொண்டிருந்தார்கள். அப்பா அங்கே நின்றவர் நின்றவர்தான். ஒரு கூண்டுக்குள் வெள்ளை முயல்கள்.

"இது காவிக் கலர்ல கெடைக்குங்களா?" என்று கேட்டார்.

கடைக்காரர் அப்பாவை ஏற இறங்கப் பார்த்தார். "இது இன்னா சேலையாங்க, கலர் பார்த்து எடுக்க? வெள்ளைதான். வேணுமா, வேணாமா?"

முயல் துணிப்பைக்குள் போயிற்று. அதன் மேல் முள்ளங்கிக் கீரை. பஸ்ஸில் என் மடியில் பை. வழியெல்லாம் கறுக் கறுக் என்று சத்தம். டிக்கெட் போட வந்த கண்டக்டர் பையையே பார்த்தார்.

"இன்னாய்யா, பை ஆடுது?"

"காத்துங்க," என்றார் அப்பா. பஸ்ஸில் ஜன்னலெல்லாம் மூடியிருந்தது.

வீட்டுக்கு வந்து பையை அவிழ்த்தால் கீரை இல்லை, முயல்தான் இருந்தது. அம்மா இடுப்பில் கை வைத்து நின்றாள்.

"இன்னாங்க இது? காட்டு முயலு கேட்டா பஞ்சுமூட்டை வாங்கியாந்து கீறீங்க!"

"சாயம் பூசிட்டா தெரியாதுமே."

"ஊருல எல்லாருக்கும் கண்ணு அவிஞ்சா பூட்ச்சி?"

"கூடைக்குள்ள இருக்கும். தொறந்தா ஓடும். ஓடுறப்ப எவன் கலரு பாக்கறான்?"

யோசித்துப் பார்த்தால் அதில் தப்பே இல்லை. அப்பா கணக்கில் முயல் ஓடும், கரை தாண்டும், மறையும். முறையும் பிழைக்கும், உயிரும் பிழைக்கும், அவர் கண் முன்னால் ரத்தமும் இருக்காது. இவ்வளவு நல்ல கணக்கில் ஒரே ஒரு ஓட்டைதான். அந்த முயல் பிறந்ததிலிருந்து கூண்டைத் தாண்டி எதையும் பார்த்ததில்லை.

அது எனக்குத்தான் முதலில் தெரிந்தது. மாட்டுக்கொட்டகை மூலையில் அதைப் பார்த்துக்கொள்கிற வேலை என்னுடையது. அகத்திக்கீரை நீட்டினால் கையிலிருந்தே தின்னும். தின்று முடித்ததும் என் பாவாடையில் ஏறி, காதை மடக்கிக்கொண்டு தூங்கிவிடும். வயிறு சூடாக, நெஞ்சு தடதடவென்று அடித்துக்கொண்டு இருக்கும். போகி வருவதற்குள் அது எனக்கு உயிராகிவிட்டது. இதை மாமா ஈட்டியால் குத்துவாரே என்று அப்பாவிடம் போய் அழுதேன்.

"ஓடிடும்மா, முயலுன்னா ஓடும்," என்றார் அப்பா.

ஓடக் கற்றுக்கொடுத்துவிடுவோம் என்று கிளம்பினேன். கொல்லையில் விட்டுக் கை தட்டினேன். என் காலடிக்கு வந்து உட்கார்ந்தது. தகரத்தைத் தட்டினேன். மோந்து பார்த்தது. நாய் மாதிரி குரைத்தேன். பக்கத்து வீட்டு நாய்கள் எல்லாம் பதில் குரைத்தன, இது மட்டும் முன்னங்காலால் முகம் கழுவியது. கடைசியில் நானே அதற்கு முன்னால் குனிந்து தாவித் தாவி ஓடிக் காட்டினேன். சித்தப்பா பார்த்துவிட்டு, "அண்ணி, கொழந்தைக்கு வேப்பிலை அடிங்க," என்று கத்தினார்.

காணும் பொங்கல் மத்தியானம் அம்மா காவிக்கல்லை உரசி, அடுப்புக்கரியைக் குழைத்து, முயலின் முதுகில் தடவினாள். திட்டிக்கொண்டேதான் தடவினாள், ஆனால் வாசலில் கோலம் போடுகிற கை, வேலை சுத்தமாக இருந்தது. அப்பா மூடுகூடையைத் தலையில் வைத்துக்கொண்டு நடந்தார். நான் அழுதுகொண்டே பின்னால் போனேன். வெயிலில் கண் கூசுகிறது என்று எல்லோரிடமும் சொன்னேன்.

ஏரிக்கரையில் மேளம். மரக்குதிரை மேல் பெருமாள். மாமா வேட்டியை மடித்துக் கட்டி, ஈட்டியோடு முன்வரிசையில் நின்றார். பூசாரி இரண்டு சொட்டு மஞ்சள் தண்ணீர் தெளித்தார். கூடை திறந்தது. "ஓய்ய்" என்று ஊரே கத்திக்கொண்டு முன்னால் பாய்ந்து, அப்படியே ஒருவர் மேல் ஒருவர் முட்டிக்கொண்டு நின்றது.

முயல் கூடையை விட்டு இறங்கி, பெருமாளுக்கு முன்னால் உட்கார்ந்து காது சொறிந்துகொண்டிருந்தது.

எனக்கு உயிர் போய்விட்டது. ஓடு, ஓடு என்று வாய்க்குள்ளேயே கத்தினேன். மாமாவின் செவலை நாய் போய் மோந்து பார்த்தது, காவிப்பொடி மூக்கில் ஏறி ஒரு தும்மல் போட்டது, திரும்பி வந்துவிட்டது. பிறகு முயல் எழுந்து நாலு தாவு தாவிற்று. கரைப்பக்கம் போகக் கூடாதா? நேரே மாமாவிடம் போய், அவர் கால் விரலுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தது.

"அட்றா மச்சான்! இன்னா பாத்துக்கினு கீற!"

"நிக்கறத எப்படிரா அடிக்கறது?" என்றார் மாமா.

"சாமிக்கு வுட்ட முயலுய்யா, அடிச்சே ஆவணும். இல்லாட்டி மழை பேயாது."

என் சித்தப்பா கூட்டத்தை விலக்கிக்கொண்டு முன்னால் வந்தார். பேச்சு புத்தகத் தமிழில் வந்தது. "ஓடாத மிருகத்தைக் கொல்பவன் வேட்டைக்காரன் அல்லன்! நூலில் சொல்லியிருக்கிறது!"

"எந்த நூலுல?" என்றார் பூசாரி.

"அட்டை இல்லாத நூலுங்க."

அவரைப் பிடித்துப் பின்னால் தள்ளினார்கள். மாமா ஈட்டியை உயர்த்தவும் இல்லை, இறக்கவும் இல்லை. மீசை வேர்த்திருந்தது. பூசாரிக்கு ஒரு யோசனை தோன்றியது. தண்ணீர் கம்மியாகத் தெளித்ததால்தான் சாமி உத்தரவு ஆகவில்லை என்று, மஞ்சள் தண்ணீர்ச் செம்பை எடுத்து முயல் தலையில் முழுசாகக் கவிழ்த்துவிட்டார்.

காவி ஓடியது. கரி ஓடியது. முயல் உடம்பை ஒரு உதறு உதறியது, பூசாரி வேட்டியெல்லாம் சிவப்பு. உள்ளே இருந்த வெள்ளை ரோமத்தில் மஞ்சள் ஏறி, மாலை வெயிலில் தகதகவென்று மின்னிக்கொண்டு நின்றது.

மேளம் நின்றது. அப்பா முகத்தைப் பார்த்தேன், செத்த முகம். அப்போது ஒரு குரல் ஏரி அதிரக் கிளம்பியது.

"பொன் முயலுடா! பெருமாளே வந்துட்டார்ரா! கோவிந்தா!"

மாமாதான். ஈட்டியைக் கீழே போட்டுவிட்டு நெடுஞ்சாண்கிடையாக விழுந்தார். அவர் விழுந்ததும் ஊரே விழுந்தது. "கோவிந்தா! கோவிந்தா!" பூசாரி முயலுக்குக் கற்பூரம் காட்டினார். அதன் கழுத்தில் துளசிமாலை போட்டார்கள். அது மாலையைத் தின்றது. பெருமாள் துளசி ஏற்றுக்கொண்டார் என்று பெண்கள் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள்.

இந்த இடத்தில் அப்பா வாயை மூடிக்கொண்டிருக்கலாம். ஆனால் தேளுக்கே நியாயம் பார்க்கிற மனுஷராயிற்றே. உடம்பெல்லாம் நடுங்க முன்னால் வந்தார்.

"அய்யா, இது பெருமாள் இல்லீங்க. கள்ளக்குறிச்சியில வாங்குனதுங்க. நான்தான் சாயம் பூசுனேன். என்ன மன்னிச்சிடுங்க."

ஒரு நிமிஷம் எல்லோரும் அப்பாவைப் பார்த்தார்கள். மாமா குதித்து எழுந்து அப்பாவின் தோளைக் கட்டிப்பிடித்தார்.

"மாப்ளைக்கு அருள் வந்துடுச்சி! ஒடம்பு ஒதறுது பாருங்க! இன்னா பேசறோம்னே தெரியாம பேசறான். பூசாரி, தீர்த்தம் ஊத்துங்க!"

அப்பா "நெஜமாத்தாங்க" என்று வாய் திறந்தபோது தீர்த்தத்தை ஊற்றினார்கள். புரையேறியது. அதையும் அருள் என்று எடுத்துக்கொண்டார்கள். கோயில் துண்டு அன்றைக்கு அப்பா தலையில். ஊருக்குள் அதுவரை ஒரு பொய்யும் சொல்லாத மனுஷர் சொன்ன உண்மையை ஒருத்தரும் நம்பவில்லை.

சாமி முயலை முறைக்காரர் வீட்டில்தான் வைத்துக் காப்பாற்ற வேண்டும் என்று ஊர் தீர்மானித்தது. நான் அதை நெஞ்சோடு அணைத்துத் தூக்கிக்கொண்டு வந்தேன். அன்றைக்கு மாதிரி ஒரு சந்தோஷம் என் கல்யாணத்தில்கூட எனக்கு வரவில்லை. ரிஷிவந்தியம் பக்கத்திலிருந்தெல்லாம் டிராக்டர் வைத்துக்கொண்டு தரிசனத்துக்கு வந்தார்கள். அம்மாவுக்குத்தான் பேஜார். கொத்தமல்லிப் பாத்தியை மேய்ந்தாலும் அடிக்க முடியாது, திட்ட முடியாது. வந்தவர்கள் காதில் விழும்படி, "போதும் சாமி, எழுந்து வாங்க சாமி," என்று பல்லைக் கடித்துக்கொண்டு கும்பிடுவாள்.

அடுத்த வருஷம் முறை மாமாவுக்கு. பொங்கலுக்குக் கொஞ்ச நாள் முன்னால், வீட்டில் யாரும் இல்லாத ஒரு மத்தியானம் எங்கள் கொல்லைக்கு வந்தார். நான் முயலுக்குக் கீரை கிள்ளிக்கொண்டிருந்தேன்.

"ஏ பொண்ணே, உங்கப்பன் இதை எந்தக் கடையில வாங்குனான்?"

"எதை மாமா?"

"நடிக்காதடி. பெருமாளைத்தான்."

"உங்களுக்குத் தெரியுமா?"

"மீசை மொளைக்கறதுக்கு முன்னாலருந்து முயலு புடிக்கறேன். கூடையில இருந்து காது தெரிஞ்சதுமே தெரிஞ்சிப் போச்சி. காட்டு முயலுக்கு இம்மாம் மொத்தக் காதா இருக்கும்?"

"அப்பறம் ஏன் பொன் முயலுன்னு கத்துனீங்க?"

மாமா குத்துக்காலிட்டு உட்கார்ந்தார். முயல் அவர் விரலை மோந்து பார்த்தது.

"உங்கப்பன அசிங்கப்படுத்தலாம்னுதாண்டி மொதல்ல நெனச்சேன். அதுக்குள்ள இது எங்கால்ட்ட வந்து குந்திக்கிச்சி. என்னப் பாத்து ஓடாத முயல நான் அன்னிக்குத்தான் பாக்கறேன். அடிக்கவும் கை வரல. அடிக்காட்டி ஊரு சிரிக்கும். பெருமாள்னு சொன்னேன், தப்பிச்சோம்."

"யாரு, முயலா, நீங்களா?"

"ரெண்டு பேருந்தான்."

"நீங்கதான் காட்டு முயலு புடிப்பீங்களே. கடை முயலு எதுக்கு மாமா?"

அவர் அக்கம் பக்கம் பார்த்தார். குரல் இறங்கியது. "முந்தாநேத்து மலைக்குப் போனேன். வலையில நல்ல முயலா மாட்டுச்சி. கையில எடுத்தேன். நெஞ்சு இது மாதிரியே தடதடன்னு அடிச்சிக்கினு இருந்திச்சி. வுட்டுட்டேன். வெளியில சொன்ன, தோல உரிச்சிடுவேன், ஆமா."

கடை இருக்கிற இடத்தைச் சொன்னேன். அந்த வருஷம் காணும் பொங்கலன்று ஏரிக்கரையில் ஒரு வெள்ளை முயல் இறங்கியது. பூசாரி மஞ்சள் தண்ணீரை முதலிலேயே முழுச் செம்பாக ஊற்றினார். ஊர் விழுந்து கும்பிட்டது. மாமா வெறுங்கையோடு நின்றார். ஈட்டி எங்கே என்று கேட்டவர்களிடமெல்லாம் தோள்பட்டை வலி என்று சொன்னார். சாகும் வரைக்கும் அவருக்கு அந்த வலி சரியாகவே இல்லை.